வருவான் ஐயா

புரை எடுத்த என் வலது கண்மேல் சத்தியமாகச் சொல்கிறேன், இதில் வருகிற ஒவ்வொரு சொல்லும் உண்மை. இடது கண்மேலும் சத்தியம் செய்யலாம்தான். ஆனால் அதற்கு இன்னும் ஆபரேஷன் ஆகவில்லை, பார்வை மங்கல். மங்கலான கண்மேல் செய்த சத்தியம் செல்லாது என்று நாளைக்கு யாராவது கிளம்பிவிடக் கூடாது.

என் பெயர் சோலை. ஊர் புழுதியேந்தல். அருப்புக்கோட்டையிலிருந்து திருச்சுழி போகிற பஸ்ஸில் ஏறி ஊர்ப் பெயரைச் சொன்னால், கண்டக்டர் டிக்கெட் கொடுக்காமல் நம் முகத்தைப் பார்ப்பார். விலக்கில் இறங்கிக் கருவேலங்காட்டுக்குள் நடந்தால் ஊர் வரும். ஊர்க்காரர்கள் யாரும் புழுதியேந்தல் என்று சொல்வதில்லை. புளுதியேந்தல்தான். எங்களுக்கு 'ழ' வராது. வராததற்குக் காரணம் உண்டு, சொல்கிறேன்.

எங்கள் ஊர்த் தொடக்கப் பள்ளியின் வரலாற்றை எழுத வேண்டும் என்று ரொம்ப நாளாக நினைப்பு. அதில் படித்தவர்களில் உயிரோடு மிச்சமிருக்கிற மூத்தவன் நான்தான். ஆனால் எழுத உட்கார்ந்தால் முகம் சுண்டிப்போகிறது. அதனால் பெருமையான பகுதியை முதலில் சொல்லிவிடுகிறேன். அது சின்னது.

முதல் வாத்தியார் பெயர் வேலாயுதம். வெளியூர்க்காரர். ஊருக்குள் வரும்போதே தோளில் ஒரு தண்டவாளத் துண்டைச் சுமந்துகொண்டு வந்தாராம். அதை வேப்பமரத்தில் கட்டித் தொங்கவிட்டு, இரும்புக் கம்பியால் ஓங்கி ஒரு அடி அடித்தார். அதுதான் பள்ளிக்கூடத்து மணி. பிள்ளை ஒன்றுகூட வரவில்லை. தூரத்து ஸ்டேஷனில் நின்றிருந்த ரயில்தான், புறப்படச் சொல்கிறார்கள் என்று நினைத்துக் கிளம்பிப் போய்விட்டது. டிக்கெட் எடுத்தவர்கள் அங்கேயே நின்றார்கள்.

"பிள்ளைகள அனுப்பிட்டா ஆட்ட யாரு மேய்க்கிறது?" என்று ஊர் கேட்டது.

"ஆட்டையும் கூட்டிட்டு வரச் சொல்லுங்க" என்றார் வாத்தியார்.

பிள்ளைகள் ஒரு பக்கம், ஆடுகள் ஒரு பக்கம். இப்படித்தான் பள்ளிக்கூடம் தொடங்கியது. ஒரு வெள்ளாடு இரண்டாம் வகுப்புவரை ஒழுங்காக வந்தது. மூன்றாம் வகுப்பில் கடன் வாங்கிக் கழிக்கிற கணக்கு அதற்கு ஓடவில்லை, நின்றுவிட்டது. அதன் வம்சம் இன்றைக்கும் ஊரில் இருக்கிறது. மற்ற ஆடுகளைக் கூப்பிடுவதுபோல் கூப்பிட்டால் திரும்பாது. பெயர் சொல்லிக் கூப்பிட்டால்தான் திரும்பும்.

இது நான் பிறப்பதற்கு முன்னால் நடந்தது. இனி நான் கண்ணால் பார்த்தது.

நான் படிக்கும்போது வாத்தியாருக்குத் தலை நரைத்துவிட்டது. கரும்பலகையில் 'மழை' என்று எழுதிச் சொல்லச் சொல்வார். நாங்கள் 'மளை' என்போம். பிரம்புதான் முறியும், 'ழ' வராது. ஒருநாள் அந்தப் பாடம் நடக்கும்போதே நிஜ மழை பிடித்துக்கொண்டது. எல்லாரும் வாசலுக்கு ஓடி "மழை, மழை!" என்று கத்தினோம். அத்தனை பேருக்கும் 'ழ' சுத்தமாக வந்தது. வாத்தியார் அழுதேவிட்டார். தரை காய்கிறவரைக்கும் வாழைப்பழம், கிழவி, புழு என்று கண்டதையும் சொல்லித் தீர்த்தோம். தரை காய்ந்தது, 'ழ'வும் போய்விட்டது. அதற்குப் பிறகு அவர் அதற்காக யாரையும் அடித்ததில்லை. "எழுத்துக்கும் ஈரம் வேணும் போல" என்று சொல்லி விட்டுவிட்டார்.

இதெல்லாம் சில்லறைப் பெருமை. அசல் பெருமை, நாங்கள் வருகை சொல்கிற முறையில் இருந்தது.

எல்லா ஊரிலும் பெயர் கூப்பிட்டால் "உள்ளேன் ஐயா" என்பார்கள். நாங்களும் அதைத்தான் சொன்னோம். பின்னால் டீச்சர்மார் வந்த பிறகும் ஐயாதான். வித்தியாசம், பிள்ளை வராத அன்றைக்கு.

நான் மூன்றாம் வகுப்பில் இருந்தபோது மழை இல்லாமல் கண்மாய் வெடித்துக் கிடந்தது. குடும்பம் குடும்பமாகத் தஞ்சாவூர்ப் பக்கம் போனார்கள். தூத்துக்குடி உப்பளத்துக்குப் போனார்கள். வகுப்பில் நானும், சுந்தராம்பாள் என்கிற பிள்ளையும், இன்னும் ஒன்றிரண்டு பேரும்தான். வாத்தியார் ஒரு பெயரையும் விடாமல் கூப்பிட்டார். பதில் இல்லை. அடுத்த பெயர். பதில் இல்லை. பெயர்களை அடித்துவிடலாம் என்று பேனாவைத் திறந்தார். அப்போது சுந்தராம்பாள் எழுந்து, "வருவான் ஐயா" என்றாள்.

வாத்தியார் பேனாவை மூடினார். அடுத்த பெயரைக் கூப்பிட்டார்.

"வருவா ஐயா."

அதற்கடுத்த பெயருக்கு நாங்கள் எல்லாரும் சேர்ந்துகொண்டோம். "வருவான் ஐயா."

அன்றிலிருந்து எங்கள் பள்ளிக்கூடத்துச் சட்டம் அதுதான். வராத பிள்ளைக்காகக் கூடப் படிக்கிற பிள்ளை சொல்ல வேண்டும். ஒருத்தராவது சொல்கிறவரை பெயரை அடிக்கக் கூடாது. உப்பளத்துக்குப் போன ஒருவன் தலை நரைத்துத் திரும்பி வந்தான். பெயர் அப்படியே இருந்ததால் மூன்றாம் வகுப்பில் அவன் இடமும் அப்படியே இருந்தது. போய் உட்கார்ந்தான். பக்கத்தில் அவன் மகன். இரண்டு பேரும் சேர்ந்து ஐந்தாம் வகுப்புப் பாஸ் செய்தார்கள். அப்பனுக்குத்தான் மார்க் கூட. மகன் தன்னுடையதைப் பார்த்து எழுத விட்டான்.

இப்படி அரிச்சுவடியோடு அந்தச் சொல்லையும் படித்துத்தான் ஊரில் எல்லாரும் வளர்ந்தோம். தூக்கத்தில் யார் பெயரையாவது கூப்பிட்டால்கூட, ஆள் இல்லையென்றால் வாய் தானாக 'வருவான் ஐயா' என்று சொல்லிவிடும். பெண் பார்க்கப் போன இடத்தில் மாப்பிள்ளை எங்கே என்று கேட்டதற்கு "வருவான் ஐயா" என்று சொல்லி, பெண் வீட்டார் திருதிரு என்று முழித்த கதையெல்லாம் உண்டு.

பெருமை இதோடு முடிந்தது.

இப்போது எங்கள் ஊருக்குக் காலையில் டவுனிலிருந்து ஒரு மஞ்சள் வேன் வருகிறது. ஹாரன் அடித்தால் படுத்திருக்கிற நாய்கூட எழுந்து நின்று வழிவிடும். பிள்ளைகளுக்குக் கழுத்தில் டை, காலில் முழங்கால் வரைக்கும் சாக்ஸ், இந்த வெயிலில். எங்கள் வீட்டுப் பிள்ளைகள் அத்தனையும் அதில் ஏறி இங்கிலீஷ் பள்ளிக்கூடத்துக்குப் போய்விடுகின்றன. மிளகாய் விளைகிறதோ இல்லையோ, உளுந்து தேறுகிறதோ இல்லையோ, வேனுக்கு மட்டும் யாரும் பாக்கி வைப்பதில்லை. என் பேரன் மகன் ஜெயக்குமாரும் அதில்தான் போகிறான். என்னை 'கிரேட் கிராண்ட்பா' என்று கூப்பிடுவான். பக்கத்துத் தெருவில் யாரையோ கூப்பிடுகிறான் என்று நான் திரும்பிப் பார்ப்பதில்லை.

பள்ளிக்கூடத்தில் மிஞ்சியது ஒரே பிள்ளை. பெயர் யுவராணி. கமுதிப் பக்கத்திலிருந்து வந்து, கருவேல மரம் வெட்டிக் கரிமூட்டம் போடுகிறவர்களின் மகள். கண்மாய்க்கு அந்தப் பக்கம், மூட்டத்தை ஒட்டித் தார்ப்பாய் கட்டிக் குடியிருந்தார்கள். அந்தப் பிள்ளைக்கு ஒரு டீச்சர், தங்கலட்சுமி. மல்லாங்கிணற்றிலிருந்து இரண்டு பஸ் மாறி வருவார்.

டீச்சர் தினமும் ஒரு பெயரை மட்டும் கூப்பிட்டு முடிக்கலாம். அப்படிச் செய்யவில்லை. ஐந்து வயதில் பேருக்கு இங்கே சேர்த்துவிட்டு வேனில் ஏற்றிவிட்டோமே, அந்தப் பிள்ளைகள் பெயரையெல்லாம் வரிசையாகக் கூப்பிடுவார். அது கவர்மெண்டு சட்டப்படி சரியா என்று கேட்காதீர்கள். எங்கள் பள்ளிக்கூடத்துச் சட்டம் வேறு. வெறும் வகுப்பில் யுவராணி ஒருத்தி எழுந்து நின்றுகொண்டு, ஒவ்வொரு பெயருக்கும் பதில் சொல்வாள். அந்த நேரம் பார்த்துத்தான் மஞ்சள் வேன் பள்ளிக்கூடத்து வாசலைத் தாண்டும்.

"ஜெயக்குமார்."

"வருவான் ஐயா."

வெளியே ஹாரன் சத்தம்.

நான் அப்போது சுவருக்கு அந்தப் பக்கம் பல் விளக்கிக்கொண்டு நிற்பேன். வாயெல்லாம் கசக்கும். வேப்பங்குச்சி அல்லவா.

பள்ளிக்கூடத்துக்கு நூறு வயது ஆகப்போகிற நேரத்தில் ஒரு சேதி வந்தது. பெரிய ஆபீசர் அம்மா ஒருவர் நேரில் வந்து பார்ப்பார். பிள்ளைகள் இல்லையென்றால் பள்ளிக்கூடத்தை மூடி, காக்கையேந்தல் பள்ளிக்கூடத்தோடு சேர்த்துவிடுவார்கள். காக்கையேந்தல் எங்கள் பக்கத்து ஊர், எங்களுக்கு ஆகாத ஊர். நடுவில் கருவேலங்காடு. பஸ் கிடையாது.

சண்முகவேல் மளிகைக்கடை வாசலில் ஊர் கூடியது. முன்னாள் தலைவர் ஆண்டிச்சாமி பெஞ்சின் நடுவில் உட்கார்ந்திருந்தார்.

"மூடுனா மூடட்டும்யா. நம்ம பிள்ளையா படிக்குது?" என்றார் அவர்.

"மூடட்டும் தலைவரே" என்றார் சண்முகவேல், சீனி நிறுத்துக்கொண்டே. "ஆனா பள்ளிக்கூடம் போனா ஓட்டுப் பொட்டியும் போயிரும். அப்புறம் காக்கையேந்தல்ல போய்த்தான் ஓட்டுப் போடணும்."

கூட்டம் அப்படியே நிமிர்ந்தது.

"எங்க? காக்கையேந்தல்லயா? அவனுக ஊர்ல போயி நாம வரிசையில நிக்கவா?"

"தண்ணி வேணுமான்னு கேப்பானுகய்யா. கேட்டுட்டுச் சிரிப்பானுக."

"செத்தாலும் அங்க போய் ஓட்டுப் போட மாட்டோம்!"

"செத்தவுக ஓட்டும் இங்கதானய்யா இத்தன நாளா விளுகுது" என்றார் சண்முகவேல். "அவுகளையும்ல கூட்டிட்டுப் போகணும்."

நூறு வருஷத்துப் பள்ளிக்கூடத்தின்மேல் எங்களுக்குப் பற்று பொங்கியது இப்படித்தான். படிப்பு என்ற சொல் அந்தக் கூட்டத்தில் கடைசிவரை வரவில்லை.

நான் சும்மா இருந்திருக்கலாம். "பிள்ளைகள வேன்ல இருந்து இறக்கி இங்க அனுப்பிட்டாப் போதுமே" என்று சொல்லிவிட்டேன்.

ஆண்டிச்சாமி என்னைப் பார்த்தார். "சரிண்ணே. மொதல்ல உங்க பேரன் மகன இறக்குங்க. நாங்க பின்னாலயே இறக்குறோம்."

பிஸ்கட் பாட்டிலின் மூடியில் ஏதோ எழுதியிருந்தது. அதை நான் ரொம்ப நேரம் வாசித்தேன்.

கடைசியில் ஆண்டிச்சாமிதான் வழி கண்டுபிடித்தார். ஆபீசர் வருகிற அன்றைக்கே நூற்றாண்டு விழா. அன்றைக்கு ஒருநாள் மட்டும் வேனை வரவேண்டாம் என்று சொல்லிவிட்டு, எல்லாப் பிள்ளைகளையும் இங்கே உட்கார வைப்பது. கல்யாணத்துக்கு அண்டா குண்டா இரவல் வாங்குவதில்லையா, அதுபோல. வித்தியாசம், எங்கள் பிள்ளைகளை நாங்களே எங்களிடம் இரவல் வாங்கினோம்.

விழா நாள் விடிந்தது. பந்தல், வாழைமரம், மைக் செட். ஒலிபெருக்கியைக் காக்கையேந்தல் பக்கமாகத் திருப்பிக் கட்டியிருந்தார்கள். நாற்பது பிள்ளைகள் வந்திருந்தன. டையைக் கழற்றியாகிவிட்டது, ஷூவையும் கழற்றியாகிவிட்டது. அப்போதுதான் ஒரு கோளாறு தெரிந்தது. முழங்காலுக்கு மேலே கறுப்பு, கீழே சாக்ஸ் போட்டு மூடி வைத்த வெளுப்பு. வரிசையாக உட்கார வைத்தால் நாற்பது ஜோடி வெள்ளைக் கொக்கு நிற்பது மாதிரி இருந்தது.

"ஏலே, புளுதிய அள்ளிக் கால்ல பூசுங்கலே!" என்று கத்தினார் ஆண்டிச்சாமி. "ஊர்ப் பேரையாவது காப்பாத்துங்க!"

பிள்ளைகள் மண்ணைத் தொட யோசித்தன. ஒரு பையன், "அங்கிள், அதுல ஜெர்ம்ஸ் இருக்கும்" என்றான். தாய்மார்களே குனிந்து பூசிவிட்டார்கள்.

யுவராணி இதையெல்லாம் வாசல்படியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். துவைத்த சட்டை, துவைத்தும் போகாத கரி அதில் இருந்தது. பக்கத்தில் வந்து உட்கார்ந்த ஒரு சின்னப் பிள்ளைக்கு, எங்கே உட்கார்ந்தால் வெயில் படாது என்று நகர்ந்து இடம் காட்டினாள்.

ஆண்டிச்சாமி டீச்சரை ஓரமாகக் கூப்பிட்டார். நானும் கூட நின்றேன்.

"டீச்சரம்மா, அந்தக் கரிமூட்டத்துப் பிள்ளைய இன்னிக்கி உள்ள உக்கார வைக்க வேணாம்."

"அது ஒண்ணுதான் சார் இங்க படிக்கிற பிள்ளை" என்றார் டீச்சர்.

"அதான் சொல்றேன். ஆபீசரம்மா ஏதாச்சும் கேட்டா அது உள்ளதச் சொல்லிப்புடும். மத்தது எல்லாம் நம்ம சொல்லிக் குடுத்தத சொல்லும். இது சொல்லாது. சமையல் கூடத்துல கொஞ்ச நேரம் இருக்கட்டும். டீ கிளாஸு களுவ ஆளு வேற இல்ல."

டீச்சர் என்னைப் பார்த்தார். நான் பந்தல் கயிற்றின் முடிச்சைப் பார்த்தேன்.

டீச்சருக்கு அந்தப் பள்ளிக்கூடம் வேண்டும். அந்தப் பிள்ளைக்காகத்தான் வேண்டும். மூடிவிட்டால் காக்கையேந்தலுக்குக் காட்டு வழியாக அதை அனுப்ப மாட்டோம், மூட்டத்தில் தண்ணீர் தெளிக்க வைத்துக்கொள்வோம் என்று தாய் தகப்பன் சொல்லிவிட்டார்கள். டீச்சர் எனக்கு மட்டும் கேட்கிற குரலில், "அதுக்காக அதையே ஒளிச்சு வைக்கச் சொல்றாக, பாருங்க பெரியய்யா" என்றார். யுவராணியின் கையைப் பிடித்துச் சமையல் கூடத்துக்குக் கூட்டிப்போனார். அந்தப் பிள்ளை ஏன் என்றுகூடக் கேட்கவில்லை. விழாவில் தனக்கும் ஒரு வேலை கொடுத்துவிட்டார்கள் என்று சந்தோஷமாகப் போனது.

ஆபீசர் அம்மா வந்தார். பெயர் கிருஷ்ணப்ரியா. சின்ன வயது. மாலை போட வந்தவர்களை எல்லாம் கையெடுத்துக் கும்பிட்டே தடுத்துவிட்டார். மேடையில் உட்கார்ந்ததும் பிள்ளைகளையும் பார்த்தார். பிள்ளைகளின் கால்களையும் பார்த்தார்.

ஆண்டிச்சாமி பள்ளிக்கூடத்தின் பெருமையைப் பேசினார். நான் அவருக்குச் சொல்லிக் கொடுத்ததுதான். ஆனால் ஆட்டை விட்டுவிட்டார். பேசி முடித்து மைக்குக்கு முன்னாலேயே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துகொண்டார். தூரத்தில் போய் உட்கார்ந்தால் போட்டோவில் விழமாட்டோம் என்று.

"ரொம்ப சந்தோஷம்" என்றார் ஆபீசர் அம்மா. "டீச்சர், வழக்கமா வருகைப் பதிவு எப்படி எடுப்பீங்களோ, அப்படி ஒரு தடவை எடுங்க. நான் பார்க்கிறேன்."

டீச்சர் எழுந்து வந்து மைக்கில் கூப்பிட ஆரம்பித்தார். முதல் பெயருக்கே, "பிரசன்ட் மிஸ்!" என்று பதில் வந்தது. ஆண்டிச்சாமி இருமினார். அடுத்த பிள்ளை, "எஸ் மேம்!" ஆண்டிச்சாமி இன்னும் பலமாக இருமினார். ஜெயக்குமார் எழுந்து நின்று, சல்யூட் அடித்து, "பிரசன்ட் மிஸ்" என்றான். இருமி இருமி ஆண்டிச்சாமிக்கு நிஜமாகவே தொண்டை கட்டிக்கொண்டது. ஆபீசர் அம்மா தண்ணீர் பாட்டிலை அவர் பக்கம் நகர்த்தி வைத்தார்.

வரிசை முடிந்தது. கடைசியாக டீச்சர் ஒரு பெயரைக் கூப்பிட்டார். பழக்கத்தில் கூப்பிட்டாரா, வேண்டுமென்றே கூப்பிட்டாரா என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது.

"யுவராணி."

பதில் இல்லை.

பிள்ளைகள் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டன. அந்தப் பெயர் யாருடையது என்று நாற்பதில் ஒன்றுக்கும் தெரியவில்லை. வராத பிள்ளைக்கு என்ன சொல்ல வேண்டும் என்றும் தெரியவில்லை. நாங்கள் ஒருநாளும் சொல்லிக் கொடுத்ததில்லையே.

டீச்சர் இன்னொரு தடவை கூப்பிட்டார். "யுவராணி."

"வருவா ஐயா!"

குரல் பிள்ளைகளிடமிருந்து வரவில்லை. பெரியவர்களிடமிருந்து வந்தது. அந்தப் பள்ளிக்கூடத்தில் படித்த அத்தனை வாயும், மூளையைக் கேட்காமல், பழக்கதோஷத்தில் திறந்துகொண்டது. பல் இல்லாத வாய், வெற்றிலை போட்ட வாய், பீடி பிடித்த வாய். முதல் குரல் என்னுடையது என்று சொல்லிக்கொள்ள ஆசைதான். சத்தியம் செய்துவிட்டேனே. முதல் குரல் ஆண்டிச்சாமியுடையது. அதுவும் மைக்கில். கட்டிய தொண்டையோடு காக்கையேந்தல்வரைக்கும் கேட்டது.

ஆபீசர் அம்மா அவர் பக்கம் திரும்பினார். "எங்கேயிருந்து வருவா சார்?"

ஆண்டிச்சாமி தன் வாயைக் கையால் பொத்திக்கொண்டார். ரொம்பத் தாமதம்.

ஒலிபெருக்கியில் தன் பெயரைக் கேட்டு யுவராணி சமையல் கூடத்திலிருந்து ஓடிவந்தாள். கையில் சோப்பு நுரை. பாவாடையில் துடைத்துக்கொண்டே தன் இடத்தைத் தேடினாள். அங்கே வேறு பிள்ளை உட்கார்ந்திருந்தது. அதை எழுப்பாமல் ஓரத்தில் நின்று, "உள்ளேன் ஐயா" என்றாள்.

"ஏன்மா லேட்டு?" என்றார் ஆபீசர் அம்மா.

"கிளாஸு களுவுனேன் ஐயா. தலைவர் தாத்தா சொன்னாக. இன்னும் கொஞ்சம் கிடக்கு."

"சரி. இவங்க எல்லாம் யாரு?" ஆபீசர் அம்மா நாற்பது பிள்ளைகளையும் கையால் காட்டினார். "உனக்குத் தெரியுமா?"

ஊர் மொத்தமும் அந்தப் பிள்ளையின் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தது. டீச்சர் கண்ணை மூடிக்கொண்டார். 'தெரியாது' என்று ஒரு சொல் வந்தால் பள்ளிக்கூடம் போய்விடும். உள்ளதைச் சொல்லிவிடும் என்றுதானே அதை ஒளித்து வைத்தோம்.

"தெரியும் ஐயா" என்றாள் யுவராணி. "எங்கூடப் படிக்கிறவுக."

"தினமும் வர்றாங்களா?"

"இல்ல ஐயா. தினமும் இவுக பேரக் கூப்பிடுவாக. நான் வருவான், வருவான்னு சொல்லுவேன்." அவள் பிள்ளைகளின் முகத்தை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே வந்தாள். இத்தனை நாள் பெயராக மட்டும் தெரிந்தவர்களுக்கு முகம் கிடைத்த சந்தோஷம் அவளுக்கு. "இன்னிக்கித்தான் எல்லாரும் வந்துட்டாக. நான் சொன்னது பொய்யில்லயே ஐயா?"

என் ஆயுசில் நான் பல இடத்தில் தலைகுனிந்திருக்கிறேன். சம்பந்தி வீட்டில், பாங்கில், ஒருதரம் போலீஸ் ஸ்டேஷனில். அதெல்லாம் ஒரு பக்கமாகக் குனிந்தது. அன்றைக்கு ஊரே குனிந்தது. ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்க்கக் கூடாது என்று ஆளுக்கொரு பக்கம் திரும்பியதில், பந்தல் கால்களில் முட்டிக்கொண்டவர்கள் உண்டு. சண்முகவேல் டீ கிளாஸ்களைக் கழுவுவதற்காகச் சமையல் கூடத்துக்குப் போனவர், பொழுது இறங்கும்வரை வெளியே வரவில்லை. ஆண்டிச்சாமியின் தலை அன்றைக்குக் குனிந்தது. திரும்ப நிமிரவே இல்லை. இப்போதும் அவருக்குச் சவரம் செய்ய வருகிறவர் தரையில் மல்லாந்து படுத்துக்கொண்டுதான் செய்கிறார்.

ஜெயக்குமார் என்னிடம் வந்து வேட்டியைப் பிடித்து இழுத்தான். "கிரேட் கிராண்ட்பா, அந்த அக்கா டெய்லி என் பேரைச் சொல்லுச்சா?"

"ஆமாய்யா."

"ஏன்?"

எனக்கு வாய் ஓயாது என்று ஊரில் பெயர். அந்த ஒரு சின்னக் கேள்விக்குப் பொய்யாகக்கூட ஒன்றும் தோன்றவில்லை.

ஆபீசர் அம்மா எழுந்தார். "நான் இன்னிக்கு எதையும் முடிவு பண்ணல. நாளைக்குக் காலையில மறுபடி வர்றேன். அப்பவும் இதே மாதிரி பேர் கூப்பிடுங்க, டீச்சர்" என்று சொல்லிவிட்டு ஜீப்பில் ஏறினார். காலில் புழுதி பூசிய பிள்ளைகளைத் தாண்டும்போது, "நல்லாக் கழுவிட்டு வாங்க" என்று மட்டும் சொன்னார்.

மறுநாள் காலையில் மஞ்சள் வேன் வந்தது. ஹாரன் அடித்தது. ஒரு வீட்டுக் கதவும் திறக்கவில்லை. திரும்பத் திரும்ப அடித்ததில் ஹாரன் தேய்ந்து, கடைசியில் கோழி செருமுவது மாதிரி ஒரு சத்தம் வந்து நின்றுபோனது. டிரைவர் இறங்கி, நாயைப் பார்த்துக் கேட்டார். நாய் எழுந்திருக்கவில்லை.

தண்டவாளத் துண்டில் நான்தான் மணி அடித்தேன். நாற்பது பிள்ளைகளும் வந்தன. பின்னாலேயே ஆடுகளும் வந்தன. டீச்சர் பெயர் கூப்பிட்டார். "உள்ளேன் ஐயா", "உள்ளேன் ஐயா" என்று ஒவ்வொன்றாக எழுந்து உட்கார்ந்தது. ஜெயக்குமாருக்கு நாக்கு புரளவில்லை; "உல்லேன்" என்றான். பரவாயில்லை, 'ழ' வராத ஊரில் 'ள'வும் கொஞ்சம் தாமதமாகத்தான் வரும். ஆபீசர் அம்மா வாசலில் நின்று எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, உள்ளே வராமலேயே திரும்பிப் போனார். பள்ளிக்கூடத்தை மூடுகிற பேச்சு அதோடு நின்றது.

யுவராணிதான் திகைத்துப்போய் நின்றாள். ஒவ்வொரு பெயருக்கும் வாயைத் திறப்பாள்; அதற்குள் அந்தப் பிள்ளையே பதில் சொல்லிவிடும். கடைசியில் டீச்சரிடம் போய், "இனி நான் யாருக்குச் சொல்றது ஐயா?" என்று கேட்டாள்.

"உனக்கு மட்டும் சொல்லு தாயி" என்றார் டீச்சர். "அது போதும்."

அன்றைக்கு வானம் இருட்டிக்கொண்டு வந்து ஒரு மழை பெய்தது பாருங்கள். பிள்ளைகள் வாசலுக்கு ஓடி வந்து கத்தின. சுவருக்கு அந்தப் பக்கம் நின்று நானும் கத்தினேன். 'ழ' வந்தது.

வலது கண்மேல் செய்த சத்தியம் அப்படியே இருக்கிறது. போதாது என்றால் இடது கண்ணையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்தை நூறு நிறைவதற்கு இரண்டு வருஷம் முன்னாலேயே பூட்டிவிட்டார்கள். நூற்றாண்டு விழா என்று ஒன்று நடக்கவே இல்லை.